செவ்வாய்க்கிழமைத் தண்ணீர்

முதல் தகவல் அறிக்கையில் நேரத்தை இப்போது இருபத்து நான்கு மணிக் கணக்கில்தான் எழுத வேண்டுமாம். போன மாதம் பழனிசெட்டிபட்டியில் என் வீட்டுக்கு வந்த ஸ்டேஷன் ரைட்டர் ஒருவர், "இனிமே காலை நாலா சாயங்காலம் நாலாங்கிற கொழப்பமே இல்லைங்கய்யா. நேரம் தப்பவே தப்பாது" என்று பெருமையாகச் சொன்னார். நேரம் தப்பாது, ஒத்துக்கொள்கிறேன். கிழமை தப்பும். ஒரு கிழமையைத் தப்பாக எழுதிவிட்டு அதைத் திருத்த இரண்டு வருஷம் அலைந்தவன் நான். அவர் சிரித்தார். சிரிக்கிற விஷயமில்லை என்று விளக்கப் போய், முழுவதையும் எழுதித் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன்.

வேலையில் சேர்ந்த நாளிலிருந்து குறிப்பேடு எழுதும் பழக்கம் எனக்கு உண்டு. மழை பெய்த நாள், பஸ் கட்டணம் ஏறிய நாள், வாசகசாலையில் எடுத்த புத்தகத்தைத் திருப்பிய நாள், எல்லாம் அதில் இருக்கும். ஆனாலும் இதில் ஆங்கிலத் தேதிகளை எழுதப்போவதில்லை. தேதி தெரிந்தால் கேஸ் தெரியும், கேஸ் தெரிந்தால் குடும்பங்கள் தெரியும். பேர்களை மாற்றியிருக்கிறேன். கம்பம் பள்ளத்தாக்கில் ஓர் ஊர், இரண்டாம் உலக யுத்தம் தொடங்குவதற்கு இரண்டு மூன்று வருஷம் முந்தி, என்பது போதும்.

பள்ளிக்கூடப் படிப்பு முடித்துப் போலீஸில் சேர்ந்தேன். பயிற்சியில் காலையில் ஓடவிட்டார்கள், மாலையில் ஓடவிட்டார்கள், நடுவில் சட்டம் சொல்லிக்கொடுத்தார்கள். ஓட்டத்தில் கடைசியாக வந்தேன், கையெழுத்தில் முதலாவதாக வந்தேன். அதனால் ஸ்டேஷன் ரைட்டர் ஆனேன். வருகிற புகாரைத் தமிழில் எழுதி வாங்கி, அதிலிருந்து இங்கிலீஷ் படிவத்தை நிரப்புவது ரைட்டர் வேலை.

அந்த ஊரில் ஆற்றிலிருந்து பிரியும் ஒரு வாய்க்கால். மாசி, பங்குனியில் தண்ணீர் குறைந்ததும் முறை வைத்துவிடுவார்கள். இன்ன கிழமை இன்னார் வயலுக்கு என்று ஏழு கிழமைக்கும் பங்கு. செவ்வாய், வாய்க்காலின் கடைசியில் வயல் வைத்திருக்கும் கடைமடைக்காரர்களுக்கு. எல்லாரும் பத்துக் குழி, இருபது குழி வைத்திருக்கும் சின்ன ஆட்கள். புதன், சீனிச்சாமி என்ற பெரிய விவசாயிக்கு. மடையைத் திறப்பதும் மூடுவதும் நீர்பாய்ச்சி ஒருவரின் கையில். அவர் பெயர் சுருளி, வயது நாற்பதுக்கு மேல். அவருடைய அப்பாவும் அதே மடையில் நின்றவர். அறுப்புக்கு அறுப்பு களத்தில் அளக்கும் நெல்தான் அவர் சாப்பாடு.

மாசி மாதம் ஒரு புதன்கிழமை காலை ஏழு மணிக்கு, சுருளியின் மனைவி பேச்சியம்மாள் அவரைத் தோளில் தாங்கிக்கொண்டு ஸ்டேஷன் படி ஏறினாள். வலது முன்கை ஒடிந்து, துண்டால் கட்டித் தொங்கியது. தலையிலும் காயம். சப் இன்ஸ்பெக்டர் வெளியூரில் இருந்ததால் நான்தான் எழுதினேன். சீனிச்சாமி முறைக்கு முன்னாலேயே வந்து தன் மடையைத் திறக்கப் பார்த்தார், சுருளி மறித்தார், சீனிச்சாமி மண்வெட்டியின் பின்பக்கத்தால் அடித்தார். கடைமடைக்காரியான வீராயி என்ற வயதான அம்மாள் தன் வயலுக்குத் தண்ணீர் வரக் காத்திருந்து, அதைப் பார்த்தாள்.

"எப்ப நடந்துச்சு?" என்று கேட்டேன்.

"செவ்வாக்கெழம ராத்திரி, வெள்ளி மொளச்ச நேரம் ரைட்டரய்யா."

தமிழில் அதை அப்படியே எழுதினேன். தவறில்லை. பிறகு இங்கிலீஷ் படிவத்தை எடுத்தேன். சம்பவத் தேதி என்ற கட்டத்தில் செவ்வாய்க்கிழமைக்கு உரிய தேதியைப் போட்டேன். வெள்ளி முளைக்கும் நேரம் விடிய நாலு மணி, எனவே நேரம் என்ற கட்டத்தில் அதைப் போட்டேன். ஒவ்வொரு கட்டமும் தனித்தனியே சரி. சேர்த்துப் படித்தால், அந்த மனிதர் அடிபட்டு இருபத்தேழு மணி நேரம் கழித்து ஸ்டேஷனுக்கு வந்தார் என்று ஆகிவிட்டது. உண்மையில் வந்தது மூன்று மணி நேரத்தில். தாமதத்துக்குக் காரணம் என்று இன்னொரு கட்டம் உண்டு. தாமதமே இல்லையே என்று அதில் ஒரு கோடு கிழித்தேன்.

நான் இந்தப் பள்ளத்தாக்கில் பிறந்தவன். எங்கள் பேச்சில் நாள் என்பது சூரியன் உதித்தால் தொடங்கி மறுபடி உதிக்கும் வரை. விடிகிற வரைக்கும் நேற்றுத்தான். ஆங்கிலக் கணக்கு நடுராத்திரியில் நாளை மாற்றுகிறது. கம்பத்து ராவுத்தர்கள் வியாழன் பொழுது சாய்ந்தாலே வெள்ளி இரவு என்பார்கள். இதெல்லாம் நான் புத்தகத்திலும் படித்தவன், கடைத்தெருவிலும் கேட்டவன். அன்று காலை, ரத்தத்தைப் பார்த்துக்கொண்டே எழுதியபோது எதுவும் ஞாபகம் வரவில்லை.

கேஸ் ஆனி மாதம் சப் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் விசாரணைக்கு வந்தது. அதற்குள் அந்த வாய்க்காலில் பாயும் வயல்களுக்குச் சொந்தக்காரர்களான ஆயக்கட்டுக்காரர்கள் கூடி, மடையைத் தற்காலிகமாகச் சீனிச்சாமியின் ஆள் ஒருவரிடம் கொடுத்திருந்தார்கள். சுருளியிடம் அவர்கள் சொன்னது இது: "கேஸு முடியட்டும். முறையக் காத்து அடி வாங்குனேன்னு கோர்ட்டு சொல்லிட்டா மட ஒன்னோடது. இல்லேன்னா நீ குடிச்சுட்டு விழுந்தேன்னுதான் அர்த்தம்." குடித்து விழுந்தார் என்பது சீனிச்சாமி தரப்பு கட்டிவிட்ட கதை.

எதிரி வக்கீல் மதுரையிலிருந்து வந்தவர். குரலை உயர்த்தாதவர். முதலில் என்னைக் கூண்டில் ஏற்றினார்.

"இந்தப் படிவம் நீங்க எழுதுனதுதானே?"

"ஆமாம்."

"செவ்வாய்க்கிழமை தேதி, காலை நாலு மணி?"

"ஆமாம்."

அப்போதுகூட எனக்கு உறைக்கவில்லை. இதை எழுதும்போது இன்றைக்கும் பல்லைக் கடிக்கிறேன். அடுத்து சுருளி.

"என்னைக்கு அடிச்சார்?"

"செவ்வாக்கெழமங்க எசமான். மொதலாளி அடிச்சாக." அடித்தவரையும் மரியாதையாகத்தான் சொன்னார்.

"எத்தனை மணிக்கு?"

"மணி தெரியாதுங்க. வெள்ளி மொளச்சு ஒரு ஆள் ஒசரம் ஏறியிருந்துச்சு."

"விடிய நாலு மணி இருக்குமா?"

"இருக்கும்ங்க."

"நல்லா யோசிச்சுச் சொல்லு. வேற கிழமையா இருக்குமோ?"

"கெழம எப்படி எசமான் மாறும்? செவ்வாக்கெழமத் தண்ணியில நின்னுல்ல அடி வாங்குனேன்."

வக்கீல் நன்றி சொல்லி உட்கார்ந்தார். பிறகு போடியிலிருந்து ஒரு கல்யாண வீட்டுக்காரர் வந்தார். திங்கள் இரவு தன் வீட்டுக் கல்யாணத்தில் சீனிச்சாமி இருந்தார், செவ்வாய் மதியச் சாப்பாடு முடித்துத்தான் பஸ் ஏறினார் என்று சாட்சி சொன்னார். அது அத்தனையும் உண்மை. டாக்டரோ, புதன்கிழமை பத்து மணிக்குப் பார்த்த காயம் பன்னிரண்டு மணி நேரத்துக்கு உட்பட்டது என்றார். அதுவும் உண்மை. வீராயியும் செவ்வாய் என்றாள். உண்மை பேசியவர்கள் எல்லாரும் சேர்ந்து கேஸைப் புதைத்தார்கள். எங்கள் தரப்பில் கேஸ் நடத்திய சப் இன்ஸ்பெக்டர் ஒரு கேள்விகூட மறுபடி கேட்கவில்லை. அவர் கையிலிருந்த காகிதம் எல்லாவற்றிலும் என் செவ்வாய்தான் இருந்தது.

ஒரு வியாழக்கிழமை தீர்ப்பு. சந்தேகத்தின் பலன் எதிரிக்கு, விடுதலை.

வெளியே வேப்பமரத்தடியில் பேச்சியம்மாள் என்னை மறித்தாள். "ஏன் ரைட்டரய்யா, அடிபட்டவர ஒரு பகலும் ஒரு ராவும் வீட்டுல போட்டுவச்சு, பெறகு ஸ்டேசனுக்குக் கூட்டியாந்தேன்னு உள்ள படிக்கிறாகளே. கை ஒடிஞ்சு கெடக்குறவர வேடிக்க பாத்துக்கிட்டு கஞ்சி குடிச்சேனா? நான் என்ன பேயா? விடியுமுன்ன கெளம்பி ஒங்ககிட்டதானே கொண்டாந்தேன்? சொல்லுங்கய்யா!"

அவள் கேட்டு முடிப்பதற்குள் எனக்கு விளங்கிவிட்டது. ஸ்டேஷனுக்கு ஓடிப்போய்ப் படிவத்தின் நகலை எடுத்துப் பார்த்தேன். அந்தக் கோடு என்னைப் பார்த்தது. இருபத்தேழு மணி நேரத் தாமதம் என்று நான் நினைத்திருந்தால் காரணம் கேட்காமல் விட்டிருப்பேனா?

அந்தக் காலச் சட்டப்படி, விடுதலைத் தீர்ப்பின்மேல் அடிபட்டவர் அப்பீல் செய்ய முடியாது. சர்க்கார்தான் ஹைக்கோர்ட்டில் செய்ய வேண்டும். அதற்கும் ஆறு மாதம்தான் கெடு. ஸ்டேஷனிலிருந்து சர்க்கிள் இன்ஸ்பெக்டருக்கு, அங்கிருந்து மதுரையில் ஜில்லா மேலிடத்துக்கு, அங்கிருந்து சென்னைக்கு. ஒவ்வொரு படியிலும் ஒரு மேஜை, ஒவ்வொரு மேஜையிலும் காகிதத்தின்மேல் வைக்க ஒரு கல்.

மறுநாளே அறிக்கை எழுதினேன். தாளை நீளவாக்கில் இரண்டாக மடித்து, வலது பாதியில்தான் எழுத வேண்டும். இடது பாதி மேலதிகாரியின் குறிப்புக்கு. தப்பு என்னுடையது, சாட்சிகளுடையது அல்ல, அப்பீலுக்குப் பரிந்துரைக்க வேண்டும் என்று எழுதி அனுப்பினேன். தீர்ப்பிலிருந்து ஒன்பதாம் நாள் காகிதம் திரும்பி வந்தது. இடது பாதியில் நீலப் பென்சிலில் ஒரே வார்த்தை: "பேசவும்."

எங்கள் சர்க்கிள் இன்ஸ்பெக்டரைப் பற்றி இங்கே சொல்லாமல் முடியாது. கெட்டவர் அல்ல. லஞ்சத்துக்குக் கை நீட்டாதவர், கையை யார்மீதும் ஓங்காதவர். ஆனால் எந்தக் காகிதத்துக்கும் சரி என்றோ முடியாது என்றோ எழுதமாட்டார். பேசவும் என்று எழுதுவார். பேசப் போனால் முகாமில் இருப்பார். எந்தக் காகிதத்தையும் அடியிலிருந்து மேலே படிப்பார். முதலில் கையெழுத்து, பிறகு கடைசி வரி, பிறகு அதற்கு முந்தின வரி. அதனால் நாம் என்ன காரணம் காட்டியிருந்தாலும், காரணத்துக்கு முன்னால் கோரிக்கையைப் பார்த்து முகம் சுளித்துவிடுவார். நீலப் பென்சிலைப் பேனாக்கத்தியால் ஊசி போலச் சீவிவைத்திருப்பார். ராகு காலத்தில் பென்சிலையே தொடமாட்டார்.

கம்பத்துக்குச் சைக்கிள் மிதித்தேன், காலையில்தான் கிளம்பினாக என்றார்கள். கூடலூருக்குப் போனேன், அங்கே வரவே இல்லை. சின்னமனூரில் பிடித்தேன், மாப்பிள்ளை வீட்டார் வந்திருக்கிறார்கள், ஆபீஸ் பேச்சு வேண்டாம் என்றார். கடைசியாக, முப்பதாம் நாள், ஆடிச் சனிக்கிழமை, குச்சனூரில் பந்தோபஸ்துக்கு வந்திருந்தபோது மாட்டினார். சனீஸ்வரன் கோயில் வாசலில் எள் தீபமும் காக்கைகளும் கூட்டமுமாக இருந்தது. ஒரு கொட்டகையில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மணி ஒன்பதரை. பத்தரை வரைக்கும் ராகு காலம். எதிரில் நின்றேன். பத்தரைக்குக் கையை நீட்டினார். கீழிருந்து மேலாகப் படித்தார்.

"யோவ் ரைட்டர், தப்பு யார் மேலன்னு எழுதியிருக்கே?"

"என் மேலதாங்கய்யா."

"ஒன் மேலன்னா ஸ்டேஷன் மேல. ஸ்டேஷன் மேலன்னா சர்க்கிள் மேல. சர்க்கிள் யாரு?"

"நீங்கதாங்கய்யா."

"அப்ப என்னையக் கேட்டுல்ல தப்புப் பண்ணியிருக்கணும்?"

பக்கத்தில் நின்ற கான்ஸ்டபிள் சிரிப்பை அடக்க இருமினான்.

"விட்டுத் தொலைய்யா," என்றார். "நாள் உதயத்துல தொடங்குது, நடுராத்திரில தொடங்குதுன்னு மேல எழுதுனா சிரிப்பாக. போலீஸா ஜோசியமான்னு கேப்பாக."

எனக்குப் பொறுமை போய்விட்டது. "ஐயா, ராகு காலம் பத்தரைக்கு முடிஞ்சுதுன்னு எதை வச்சுச் சொன்னீக?"

"இதென்ன கேள்வி? சனிக்கிழமை ஒன்பது டு பத்தரை."

"ஒன்பது எங்கிருந்து வந்துச்சுங்கய்யா?"

"உதயம் ஆறு மணி. அதுலேருந்து எண்ணி..." என்று தொடங்கியவர் பாதியில் நிறுத்தினார். பிறகு என் அறிக்கையில் இருந்த "தப்பு" என்ற வார்த்தையை அடித்துவிட்டு, "உள்ளூர் வழக்கப்படி" என்று மேலே எழுதினார். இடது பாதியில், என் காலத்தில் நான் முதன்முறையாகப் பார்த்த வார்த்தையை எழுதினார்: "பரிந்துரைக்கிறேன்." எழுதிவிட்டு, "இதுக்கு ஒனக்கு ஒரு கறுப்புக் குறி விழும்ய்யா, தெரியுமா?" என்றார். தெரியும் என்றேன். விழுந்தது. இன்றும் என் சர்வீஸ் புத்தகத்தில் இருக்கிறது.

எழுபத்தொன்பதாம் நாள் ஜில்லா மேலிடத்திலிருந்து காகிதம் திரும்பியது. நாள் சூரியோதயத்தில் தொடங்குகிறது என்பதற்கு அதிகாரபூர்வமான ஆதாரம் என்ன என்று சட்டப் பிரிவு கேட்டிருந்தது. பஞ்சாங்கம் ஒன்றை இணைத்து அனுப்பினேன். பஞ்சாங்கம் சர்க்கார் வெளியீடு அல்ல என்று தொண்ணூற்றாறாம் நாள் திரும்பியது. சூரியனே சர்க்கார் வெளியீடு அல்ல என்று எழுதத் துடித்தது கை. எழுதவில்லை.

ஊர்க் கணக்கப்பிள்ளையிடம் முறைப் பட்டியல் ஒன்று உண்டு என்று வீராயி சொன்னாள். "செவப்பு நோட்டுய்யா. எந்தக் கெழம யாருக்கு, எங்க தொடங்கி எங்க முடியுதுன்னு அதுல போட்டிருக்கும். எங்க தண்ணிக்குச் சண்டை வந்தா அதத்தான் விரிப்பாக. கேஸு வந்ததுலேருந்து விரிக்கவே மாட்டேங்காக. மழயில்லாம இப்பவும் முறத் தண்ணிதான். செவ்வாக்கெழம பொழுது சாயுமுன்னயே எங்களுக்கு அடச்சுப்புடுறான் அந்தப் புது ஆளு. பயிரு காயுது."

கணக்கப்பிள்ளை சீனிச்சாமியின் நிழலில் இருப்பவர். நான் போனதும், "ரைட்டர்வாள், இது ஊர்க் கணக்கு, சர்க்கார் கணக்கில்லை. நகல் கொடுக்க எனக்கு அதிகாரம் கிடையாது" என்றார்.

"நியாயம்தான். அதையே எழுதிக் குடுத்துருங்க, மேல அனுப்பிர்றேன்."

"எதை எழுத?"

"இப்படி ஒரு பட்டியல் இருக்கு, அதுல இன்னது இருக்கு, ஆனா நகல் கொடுக்க அதிகாரமில்லைன்னு. எந்த நோட்டைத் தர மறுத்தீகன்னு மேல கேப்பாகல்ல?"

மனிதர் கணக்கு வேலையில் சுத்தம். விளக்கமாக எழுதினார். சிவப்பு அட்டை நோட்டு, ஏழாம் பக்கம், செவ்வாய், கடைமடை, உதயம் முதல் மறு உதயம் வரை. புதன், சீனிச்சாமி வகையறா, உதயம் முதல் மறு உதயம் வரை. மேற்படி நோட்டின் நகலைத் தர எனக்கு அதிகாரமில்லை என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன். கையெழுத்து, முத்திரை. அந்த மறுப்புக் கடிதம்தான் எங்களுடைய ஆதாரம். நோட்டைக் கொடுத்திருந்தால்கூட இவ்வளவு தெளிவாக இருந்திருக்காது.

அதன் பிறகும் இரண்டு தடவை திரும்பியது. ஒரு தடவை ஓரத்தில் போதிய இடம் விடவில்லை என்று. ஒரு தடவை தீர்ப்பு நகலின் நாலாம் பக்கம் மங்கலாக இருக்கிறது என்று. மங்கலான பக்கத்தை நானே மறுபடி எழுதி, நகல் குமாஸ்தாவிடம் கையெழுத்து வாங்கி அனுப்பினேன். இதற்கிடையில் வாரம் ஒருமுறை சுருளி ஸ்டேஷன் வாசலுக்கு வருவார். கை கோணலாகக் கூடியிருந்தது. கம்பம் சந்தையில் இடது தோளால் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார்.

"என்னாச்சுங்கய்யா?"

"மதுரைல இருக்கு."

அடுத்த வாரம், "என்னாச்சுங்கய்யா?"

"மதுரையிலதான் இருக்கு."

"மதுரைக்கு ஒரே நாள்ல போயிட்டு வந்துறலாமேய்யா" என்றார் ஒரு நாள். கிண்டல் செய்யவில்லை, நிஜமாகவே கேட்டார். நான் எரிந்து விழுந்தேன். பிறகு வெட்கப்பட்டேன்.

தீர்ப்பிலிருந்து நூற்று எழுபத்தாறாம் நாள், மார்கழி முதல் வாரத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, ஹைக்கோர்ட்டில் அப்பீல் தாக்கலானது. கெடுவுக்கு இன்னும் ஏழு நாள்தான் மிச்சம் இருந்தது. விசாரணைக்கு வர அடுத்த ஆடி ஆயிற்று. தீர்ப்பு ஒரு பக்கத்துக்கும் குறைவு. கோடு போட்ட கட்டத்தையும், டாக்டரின் சாட்சியத்தையும், மறுப்புக் கடிதத்தையும் பார்த்தார்கள். கீழ்க்கோர்ட்டு சம்பவ நேரத்தைச் சரியாகப் புரிந்துகொள்ளவில்லை, விடுதலை ரத்து, வேறு மாஜிஸ்திரேட் முன் மறுவிசாரணை என்று முடித்துவிட்டார்கள். நான் ஆறு மாதம் மலையேறிச் சொன்னது அங்கே கால்மணி நேரத்தில் விளங்கியிருக்கிறது.

இனி ஒரே ஒரு காரியம்தான் பாக்கி என்று நினைத்தேன். சுருளி கூண்டில் ஏறிப் புதன்கிழமை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். மறுவிசாரணை அடுத்த வைகாசிக்குத்தான் வந்தது. அதற்கு முதல் நாள் அவரை ஸ்டேஷனுக்கு வரச்சொன்னேன். சர்க்கிள் இன்ஸ்பெக்டரும் வந்திருந்தார்.

"சுருளி, நாளைக்குக் கேட்டா புதன்கிழமை விடியக்காலைன்னு சொல்லு."

"செவ்வாக்கெழமைல்ல ரைட்டரய்யா?"

"ஒன் கணக்குல செவ்வாய்தான்ய்யா. கோர்ட்டுக் கணக்குல புதன்."

"கோர்ட்டுல போயி பொய் சொல்லச் சொல்றீகளா?"

இன்ஸ்பெக்டர் நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டார். "ஏலே, இது பொய்யில்லடா! ஒனக்காக ரெண்டு வருஷமா இந்த ஆளு நாயா அலைஞ்சிருக்கான்!"

"தெரியுமுங்க எசமான். ஆனா அது செவ்வாக்கெழமதானுங்க."

ஒரு மணி நேரம் மன்றாடினோம். பேச்சியம்மாளை விட்டுச் சொல்லச்சொன்னோம். அவள் புருஷனை ஒரு தடவை பார்த்துவிட்டு, "அவுக சொன்னா சொன்னதுதான்" என்று முடித்துவிட்டாள். இந்தக் கேஸ் மறுபடியும் செவ்வாய்க்கிழமையில் புதையப்போகிறது என்று முடிவு செய்தேன்.

மறுநாள் கோர்ட்டில், எங்கள் தரப்பு சப் இன்ஸ்பெக்டர் எழுந்தபோது ஒரு துண்டுச் சீட்டை அவர் கையில் திணித்தேன். கிழமையைக் கேட்காதீர்கள், சூரியனைக் கேளுங்கள் என்று அதில் எழுதியிருந்தேன். அவர் என்னை முறைத்துவிட்டுக் கேட்டார்.

"ஒன்ன அடிச்ச பெறகு, சூரியன் எவ்வளவு நேரங்கழிச்சு உதிச்சுச்சு?"

"அஞ்சாறு நாழிக இருக்குமுங்க. ஸ்டேசனுக்கு வார வழியில, மேக்க மல உச்சியில வெயிலு விழுந்துச்சு."

"அந்தச் சூரியன் எந்தக் கிழமைச் சூரியன்?"

"புதன்கெழமச் சூரியனுங்க."

புது மாஜிஸ்திரேட் பேனாவை எடுத்து, உதயத்துக்கு இரண்டு மணி நேரம் முந்தி என்று எழுதினார். எனக்கு மூச்சு வந்தது. போடிக் கல்யாணம் இனி சீனிச்சாமிக்கு உதவாது. ஆனால் எதிரி வக்கீல் அசரவில்லை. அதே தாழ்ந்த குரலில் எழுந்தார்.

"அப்ப ஆங்கிலக் கணக்குல அது புதன்கிழமை?"

"அந்தக் கணக்கு எனக்குத் தெரியாதுங்க."

"போலீஸே அப்படித்தான் சொல்றாங்க. புதன்கிழமைத் தண்ணி யாருக்கு?"

"மொதலாளிக்குங்க."

"அப்ப புதன்கிழமை, தன் தண்ணியைத் தன் வயலுக்குத் திறக்க வந்த மனுஷரை நீ மறிச்சிருக்கே. அவர் கையை நீ பிடிச்சிருக்கே. தள்ளுமுள்ளுல விழுந்து ஒன் கை ஒடிஞ்சிருக்கு. அப்படித்தானே?"

இரண்டு வருஷமாக நான் ஊர் ஊராகச் சுமந்து திரிந்த புதன்கிழமை எதற்கு உதவும் என்று அப்போதுதான் தெரிந்தது. படிவத்தைத் திருத்தினால் போதும் என்று நினைத்தவனுக்கு, சிவப்பு நோட்டின் ஏழாம் பக்க விவரத்தை நானே ஆதாரமாக அனுப்பியும், அதில் அடுத்த வரியில் யார் பெயர் இருக்கிறது என்று யோசிக்கத் தோன்றவில்லை.

சுருளி மாஜிஸ்திரேட்டின் பக்கம் திரும்பினார். "எசமான், மொதத் தடவையும் இதத்தான் சொன்னேன். செவ்வாக்கெழமத் தண்ணி. உதிச்சாத்தான் அவுகளது. உதிக்கிற வரைக்கும் வீராயி ஆத்தாளுது. அந்த அஞ்சு நாழிகைத் தண்ணிக்குத்தான் அடிச்சாக. அது அவுக தண்ணியா இருந்தா நான் ஏன் எசமான் குறுக்க நிக்கேன்?"

பின்னால் உட்கார்ந்திருந்த கடைமடைக்காரர்களில் யாரோ, "அப்படிச் சொல்லுடா" என்றார்கள். மாஜிஸ்திரேட் அமைதி என்றார். பிறகு கணக்கப்பிள்ளையின் மறுப்புக் கடிதத்தைக் கேட்டு வாங்கி, உதயம் முதல் மறு உதயம் வரை என்ற இடத்தை இரண்டு தடவை படித்தார்.

சீனிச்சாமிக்கு மூன்று மாதக் கடுங்காவல். அவர் மேலே செய்துகொண்ட அப்பீலும் நிற்கவில்லை. தீர்ப்பு வந்த வாரமே ஆயக்கட்டுக்காரர்கள் கூடி மடையைச் சுருளியிடம் திருப்பிக் கொடுத்தார்கள். சீனிச்சாமியின் ஆள் மண்வெட்டியைக் கரையில் வைத்துவிட்டுப் போனான் என்று வீராயி வந்து சொன்னாள். வலது கை மேலே எழாததால் சுருளி இடது கையால் மடை வெட்டப் பழகிக்கொண்டார்.

தீர்ப்பன்று அதே வேப்பமரத்தடியில் அவரைப் பிடித்துக்கொண்டேன். சந்தோஷமாக இருக்க வேண்டிய நேரம். எனக்கோ எரிச்சல் அடங்கவில்லை. ஒன்பதாம் நாளும், எழுபத்தொன்பதாம் நாளும், சீவிய நீலப் பென்சிலும், கறுப்புக் குறியும் எல்லாம் சேர்ந்து என்னைக் கேட்கவைத்தன.

"ஏன்ய்யா சுருளி, அன்னைக்கு ஸ்டேஷன்ல அவ்வளவு கெஞ்சினோமே, புதன்னா தண்ணி அவருதாயிரும்னு ஒரு வார்த்த எங்ககிட்டச் சொல்லக்கூடாதா? அது கெடக்கட்டும். கை ஒடிஞ்சு, மட போயி, சந்தையில மூட்ட தூக்கி ரெண்டு வருஷம் போச்சே. கிழமைய விட்டுக்குடுத்தா என்ன போயிரும்னு ஒரு நாள்கூட ஒனக்குத் தோணலையா?"

அவர் கோணல் கையை இடது கையால் தாங்கிக்கொண்டு, இது தெரியாதா என்பதுபோல என்னைப் பார்த்தார்.

"கெழமைய விட்டுட்டா, பெறகு நான் எதுக்கு ரைட்டரய்யா அடி வாங்குனேன்?"